பேருந்து முந்தி, ரயில் பிந்தி

சென்னை கிளாம்பாக்கம் பேருந்து முனையத்துக்குச் செலவானது சுமார் 394 கோடி ரூபாய். ஜி.எஸ்.டி. சாலையின் மறுபக்கம் ஓடும் தண்டவாளத்தில் மின்சார ரயில் நிற்க ஒரு நிலையம் கட்ட ஒதுக்கியது 20 கோடி. இந்தச் சின்னத் தொகைக்கான வேலைதான் கடைசிக்குப் போனது.

2023 டிசம்பர் 30-ம் தேதி முதல்வர் மு.க. ஸ்டாலின் முனையத்தைத் திறந்துவைத்தார். 88 ஏக்கர் பரப்பு. அடுத்த சில வாரங்களில் தென்மாவட்ட அரசுப் பேருந்துகளும், இழுபறிக்குப் பிறகு ஆம்னி பஸ்களும் கோயம்பேட்டை விட்டு இங்கே வந்துசேர்ந்தன. பேருந்து வந்துவிட்டது, ஆட்கள் வீட்டுக்குப் போக வேண்டுமே! மதுரையிலிருந்தும் நெல்லையிலிருந்தும் இரவெல்லாம் உட்கார்ந்து வந்தவர்கள், விடியும் முன்பே பெட்டியும் பையுமாக மாநகரப் பேருந்துக்கு நின்றார்கள், இல்லையென்றால் ஆட்டோக்காரரிடம் பேரம் பேசினார்கள். ரயில்தான் வேண்டுமென்றால் வண்டலூருக்கோ ஊரப்பாக்கத்துக்கோ போயாக வேண்டியிருந்தது. கண்ணெதிரே தடதடவென்று போன வண்டி இங்கே நிற்கவில்லை.

சென்னைக்கு இது புதிதல்ல. பிராட்வேயில் வெளியூர் பஸ் நின்ற காலத்தில் கோட்டை நிலையமும் கடற்கரை நிலையமும் பக்கத்திலேயே இருந்தன. நெரிசலைக் காரணம் காட்டிப் பேருந்து நிலையம் 2002 நவம்பரில் கோயம்பேட்டுக்குப் போனது. அங்கே மெட்ரோ எட்டிப்பார்த்தது 2015-ல். அதில் ஏறி சென்ட்ரலில் இறங்க 2018 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த அனுபவத்துக்குப் பிறகும் கிளாம்பாக்கத்தில் அதே வரிசையில்தான் வேலை நடந்தது என்பதை எப்படி எடுத்துக்கொள்வது?

காரணம் பணமல்ல. முனையம் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்துடையது (சி.எம்.டி.ஏ.), தண்டவாளம் தெற்கு ரயில்வேயுடையது. வண்டலூருக்கும் ஊரப்பாக்கத்துக்கும் நடுவே அமையும் நிலையத்துக்கு மாநிலத்தின் பணம், ரயில்வேயின் வேலை என்று ஏற்பாடு. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கட்டடம் எழும்பும்போதே இந்தக் கோப்பும் நகர்ந்திருந்தால் திறப்பு விழா அன்றே ரயிலும் நின்றிருக்கும். 2024-ல் வேலை தொடங்கியது. சொன்ன கெடுக்கள் ஒவ்வொன்றாகத் தள்ளிப்போயின.

நிலையம் மட்டும் போதாது. எட்டு வழிச் சாலையைப் பெரியவர்களும் கைக்குழந்தைக்காரர்களும் எப்படிக் கடப்பார்கள்? அதற்காகத்தான் ஆகாய நடைபாலம். நிலையத்துக்கு ஒதுக்கியதைப்போல மூன்று மடங்குக்கு மேல் அதற்குச் செலவு. நிலம் எடுப்பதில் அதுவும் சிக்கிக்கொண்டது. நகரும் படிக்கட்டும் லிப்டும் பெயருக்கு இருந்து பாதி நாள் பூட்டிக் கிடந்தால், தலையில் மூட்டை வைத்திருப்பவருக்குப் பாலம் இருந்தும் பயனில்லை.

விமான நிலையத்திலிருந்து கிளாம்பாக்கம் வரை 15 கிலோமீட்டருக்கு மேல் மெட்ரோ நீட்டிக்கவும் திட்டம் உண்டு. மதிப்பீடு 9,000 கோடி ரூபாயைத் தாண்டுகிறது. அது வரட்டும், நல்லதுதான். ஆனால் சைதாப்பேட்டைக்கும் மாம்பலத்துக்கும் எழும்பூருக்கும் சில்லறைக் காசில் கொண்டுபோய் விடுகிற தடம் ஏற்கெனவே இருக்கிறது. மெட்ரோவுக்காகக் காத்திருக்கத் தேவையில்லை.

எனக்குள்ள கவலை கால அட்டவணையைப் பற்றியது. கடற்கரை - தாம்பரம் தடத்தில் வண்டிகள் அடுத்தடுத்து வரும். தாம்பரத்தைத் தாண்டினால் எண்ணிக்கை சட்டெனக் குறைந்துவிடும். வெளியூர் பஸ்கள் கூட்டம் கூட்டமாக வந்திறங்குவதோ விடியலுக்கு முன்பு. கிளம்புவதோ இரவு ஒன்பது மணிக்கு மேல். அலுவலக நேரத்தை மட்டும் மனதில் வைத்துப் போட்ட அட்டவணை அந்தக் கூட்டத்துக்கு ஒத்துவராது. தாம்பரத்தோடு திரும்பும் வண்டிகளில் சிலவற்றையாவது அந்த இரண்டு வேளைகளிலும் கூடுவாஞ்சேரி வரை விட வேண்டும். பொங்கலுக்கும் தீபாவளிக்கும் சிறப்புப் பேருந்துகளை அறிவிக்கும்போதே அவற்றுக்கு ஏற்ற ரயில்களையும் சேர்த்து அறிவிக்கலாம். இதற்குக் கட்டுமானச் செலவு எதுவும் இல்லை. இரண்டு அலுவலகங்கள் ஒரே மேஜையில் உட்கார்ந்தால் போதும்.