மலைமேல் முந்தும் கடிகாரம்

ஓர் அலை ஊரைக் கடந்து போகும் வேளையில் ஒரு தெருவில் பொழுது விடிந்துவிட, அடுத்த தெருவில் இரவு நீண்டுகொண்டே இருப்பதாகக் காட்டுவது அறிவியல் புனைகதைகளுக்குப் பிடித்தமான கற்பனை. காலத்தை நெளிக்கும் அலைகள் இருப்பதை இயற்பியலும் ஒப்புக்கொள்கிறது. ஆயினும் அவற்றின் வலிமை எவ்வளவு என்பதைப் பகாங் மாநிலத்துக் கேமரன் மலையின் தேயிலைத் தோட்டங்களில் நின்று அளந்து பார்த்தால், அலையைக் காட்டிலும் அந்த மலையே காலத்தை அதிகமாக மாற்றுகிறது என்பது புலப்படும்.

ஐன்ஸ்டைன் 1915இல் முடித்த பொதுச் சார்பியல் கொள்கையின்படி, பூமியின் ஈர்ப்புக்கு அருகில் உள்ள கடிகாரம் மெதுவாகவும் விலகி உயரத்தில் உள்ளது விரைவாகவும் ஓடும். சீசியம் அணுவின் அதிர்வுகளை எண்ணி நொடியை வரையறுக்கும் அணுக்கடிகாரங்கள் இரண்டில் ஒன்றைக் கடலோரப் போர்ட் கிள்ளானிலும் மற்றொன்றைக் கேமரன் மலையில் ஏறத்தாழ 1,440 மீட்டர் உயரத்திலுள்ள தானா ராத்தாவிலும் வைத்தால், மலைக் கடிகாரம் நாளொன்றுக்குச் சுமார் 14 நானோநொடி முந்திச் செல்லும். நானோநொடி என்பது ஒரு நொடியின் நூறு கோடியில் ஒரு பங்கு. 14 நானோநொடியில் ஒளி கடக்கும் தொலைவு நான்கு மீட்டருக்குச் சற்று மேல், அதாவது தேயிலைச் செடிகளின் சில வரிசைகளைத் தாண்டும் அளவே. சுங்கை பாலாஸ் தோட்டத்தையும் கடந்து 2,000 மீட்டர் உயரமுள்ள பிரிஞ்சாங் மலையுச்சிக்குக் கடிகாரத்தைக் கொண்டுபோனால் அந்த முந்தல் 19 நானோநொடியாகும்.

இது தாளில் போட்ட கணக்கு மட்டுமன்று. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பவுண்டும் ரெப்காவும் வெறும் 22.5 மீட்டர் உயர வேறுபாட்டிலேயே இவ்விளைவை 1960இல் அளந்து காட்டினர். 2020இல் தோக்கியோ ஸ்கைட்ரீ கோபுரத்தில் 450 மீட்டர் உயரத்தில் வைத்த கடிகாரத்தைக் கொண்டு ஜப்பானிய அறிஞர்கள் மேலும் நுட்பமாக உறுதிசெய்தனர். மலைக் காய்கறிகளை ஏற்றிக்கொண்டு இறங்கும் லாரிக்கு வழிகாட்டும் ஜிபிஎஸ் துணைக்கோள்களின் கடிகாரங்களும், உயரத்தால் கூடுவதில் வேகத்தால் குறைவதைக் கழித்தால், நாளுக்கு 38 மைக்ரோநொடி முந்துகின்றன. அதைத் திருத்தாவிட்டால் ஒரே நாளில் வழி பத்து கிலோமீட்டர் பிசகிவிடும்.

புனைகதைகள் சறுக்கும் இடம் ஒன்று உண்டு: காலம் மாறுவதை அங்கே இருப்பவர் உணர்வார் என அவை எண்ணிக்கொள்கின்றன. பறித்த கொழுந்தின் ஈரம் வற்றும்படி காற்றோட்டத்தில் பரப்பி வைக்கும் வாட்டுதல் என்னும் வேலைக்குத் தொழிற்சாலையில் பல மணிநேரம் பிடிக்கிறது. காலம் விரைந்தால் இலை வாடுவதும், அதைப் பார்த்து நிற்பவரின் நாடித்துடிப்பும், சுவர்க் கடிகாரமும் ஒருசேர விரைகின்றன. கீழேயுள்ள இன்னொரு கடிகாரத்தோடு ஒப்பிடாதவரை வேறுபாடு என்பதற்குப் பொருளே இல்லை.

இனி அலைக்கு வரலாம். பெரும் பொருள்கள் ஒன்றையொன்று சுற்றும்போது இடமும் காலமும் பின்னிய காலவெளியில் எழும் நெளிவே ஈர்ப்பலை. ஐன்ஸ்டைன் 1916இல் முன்னறிவித்த இதனை அமெரிக்காவின் லைகோ கருவிகள் 14 செப்டம்பர் 2015 அன்று முதன்முறையாகப் பிடித்தன. நூறு கோடி ஒளியாண்டுக்கும் அப்பால் இரு கருந்துளைகள் மோதியதில் பிறந்த அந்த அலை, நான்கு கிலோமீட்டர் நீளக் குழாயை ஒரு புரோட்டானின் விட்டத்தில் நூறில் ஒரு பங்குகூட நீட்டவில்லை. அலை கடிகாரத்தின் முள்ளைத் தொடுவதாகக் கொள்வதைவிட, ஒளி வந்துசேரும் நேரத்தைக் கூட்டிக் குறைக்கிறது என்பதே சரியான விளக்கம். இந்த வகையில் புனைகதைக்கு மிக நெருங்கிய சான்று 2023 ஜூனில் வெளிவந்தது: தப்பாத தாளத்தில் வானொலித் துடிப்புகளை அனுப்பும் பல்சார் விண்மீன்களைப் பதினைந்து ஆண்டும் அதற்கு மேலும் கவனித்துவந்த பன்னாட்டுக் குழுக்கள், மிக நீண்ட ஈர்ப்பலைகளால் அத்துடிப்புகள் சிறிதே முந்தியும் பிந்தியும் வருவதற்கான அடையாளங்களை அறிவித்தன. புனேக்கு அருகிலுள்ள, 30 அலைவாங்கிகள் கொண்ட ஜிஎம்ஆர்டி தொலைநோக்கியைப் பயன்படுத்திய இந்தியக் குழுவும் இதில் பங்கேற்றது. அந்த முந்தல் பிந்தல் ஒரு மைக்ரோநொடிக்கும் குறைவு. அதே பதினைந்து ஆண்டில் தானா ராத்தாவின் உயரம் மட்டுமே சுமார் 75 மைக்ரோநொடியைச் சேர்த்திருக்கும்.

தோட்டத்து மக்களின் காலத்தை உண்மையிலேயே அசைத்தது அரசாணைதான். கேமரன் மலையில் 1929இல் ஜே. ஏ. ரஸ்ஸல் தொடங்கிய போ தேயிலைத் தோட்டத்தின் ஆயுளுக்குள்ளேயே, மலாயாவின் கடிகாரங்கள் பகலொளியை மிச்சப்படுத்தவென்று 1933இல் 20 நிமிடமும், ஜப்பானியர் தோக்கியோ நேரத்தைத் திணித்த 1942 பிப்ரவரியில் ஒன்றரை மணியும் முன்தள்ளப்பட்டன. பின்னது 1945இல் கைவிடப்பட்டது. சபா, சரவாக் மாநிலங்களின் நேரத்தோடு இணைவதற்காக 1982 புத்தாண்டு பிறக்கும் வேளையில் மேலும் அரைமணி கூட்டப்பட்டது. வேலைக்கு ஆள்களைப் பேர் சொல்லி எண்ணும் பெரட்டு அதே மணிக்கு நடந்தால் அன்றுமுதல் இருள் அரைமணி கூடியிருக்கும், ஏனெனில் சூரியன் ஆணைக்குக் கட்டுப்படுவதில்லை. அந்த அரைமணியைத் தானா ராத்தா தன் உயரத்தால் ஈட்ட வேண்டுமானால் ஏறத்தாழ 36 கோடி ஆண்டுகள் ஆகும். தேயிலை வேரூன்றியிருக்கும் அந்த மலைத்தொடரின் கருங்கல்லே உருவாகி இன்னும் 25 கோடி ஆண்டுகள் ஆகவில்லை.