அருஞ்சொல்லும் அகராதியும்

கடினமான ஆங்கிலச் சொல் ஒன்றுக்குப் பொருள் தேடி அகராதியைத் திறக்கின்றோம். அங்கே அதனினும் கடினமான இரண்டு சொற்கள் நம்மை எதிர்கொள்கின்றன. என் மாணவப் பருவத்தில் இந்த இடர்ப்பாட்டை நான் பன்முறை அடைந்திருக்கின்றேன்.

ஆங்கிலப் பேரறிஞர் சாமுவேல் ஜான்சன் 1755-இல் வெளியிட்ட அகராதி, நாற்பதாயிரத்துக்கு மேற்பட்ட சொற்களைக் கொண்டது. அதில் 'நெட்வொர்க்', அதாவது வலைப்பின்னல், என்ற சொல்லுக்கு அவர் தந்த விளக்கம் நகைப்புக்குப் பேர்போனது. சிறுவரும் அறிந்த வலையை விளக்க 'ரெட்டிகுலேட்டட்', 'டெகஸேட்டட்' என்னும் அரிய இலத்தீன் வழிச் சொற்களை அவர் கையாண்டார். விளக்கப்படும் சொல்லைவிட எளிய சொல் எப்போதும் கிடைப்பதில்லை என்று அவரே தம் முன்னுரையில் ஒப்புக்கொண்டிருக்கிறார்.

'டெகஸேட்' என்பதன் பொருளை நான் அகராதியில் படித்து மனப்பாடம் செய்திருந்தேன், ஆனால் விளங்கவில்லை. தாவரவியல் ஆசிரியர் ஒருநாள் என் கையில் ஒரு துளசிக் கிளையைக் கொடுத்தார். ஒரு கணுவில் இரண்டு இலைகள் எதிரெதிரே நின்றன; அடுத்த கணுவின் இலைகள் அவற்றுக்குக் குறுக்காக நின்றன. மேலிருந்து நோக்கினால் பெருக்கல் குறி போன்ற தோற்றம். ரோமானியர் பத்து என்னும் எண்ணை எழுதிய வடிவமும் அதுவே. அவ்வெண்ணுக்குரிய இலத்தீன் சொல்லிலிருந்தே இச்சொல்லும் பிறந்தது. அன்று விளங்கிய பொருள் இன்றளவும் மறக்கவில்லை.

துறைச்சொற்களில் அறிஞரும் இடறுவதுண்டு. 'பாஸ்டர்ன்' என்பது குதிரையின் காலில் குளம்புக்குச் சற்று மேலுள்ள பகுதி. ஜான்சனோ அதைக் குதிரையின் முழங்கால் என்று எழுதிவிட்டார். காரணம் கேட்ட ஒரு பெண்மணியிடம், தம் அறியாமையே காரணம் என்று அவர் தயங்காமல் கூறினாராம்.

இதனினும் வியப்பான நிகழ்ச்சி அமெரிக்காவில் நடந்தது. அடர்த்தியைக் குறிக்கப் பெரிய 'டி' அல்லது சிறிய 'டி' என்னும் எழுத்தைப் பயன்படுத்தலாம் என்று 1931-இல் வெப்ஸ்டர் அகராதி அலுவலகத்தில் ஒரு சீட்டு எழுதப்பட்டது. 'அல்லது' என்று பொருள்படும் 'ஆர்' என்ற ஆங்கிலச் சொல் இரண்டு எழுத்துகளோடும் ஒட்டிக்கொள்ள, 'டார்ட்' என்று ஒரு புதுச்சொல் பிறந்துவிட்டது! 1934-ஆம் ஆண்டுப் பதிப்பில் 'அடர்த்தி' என்ற பொருளுடன் அது அச்சேறியது. 1939-இல்தான் பதிப்பாசிரியர் ஒருவர், அச்சொல்லுக்கு வேர் காட்டப்படவில்லையே என்று ஐயுற்றார்; பிழை வெளிப்பட்டது.

ஆதலின், அருஞ்சொல் ஒன்றைக் கண்டால் அதன் விளக்கத்தை மட்டும் மனப்பாடம் செய்து நின்றுவிடாதீர்கள். அதன் வேர் யாது, அத்துறையினர் அதை எவ்வகைத் தொடரில் வழங்குகின்றனர் என்பவற்றையும் பாருங்கள். இயலுமாயின், அது குறிக்கும் பொருளையே நேரில் காணுங்கள். அகராதி வழிகாட்டும், நடந்து சென்று சேர வேண்டியவர் நாமே.