காலிமுகத்திடலும் திருமலைக் கடற்கரையும்

2022 மே 9ஆம் திகதி பிரதமர் பதவியைத் துறந்த மஹிந்த ராஜபக்ஷ, மறுநாள் குடும்பத்தினருடன் தஞ்சமடைந்த இடம் திருகோணமலைக் கடற்படைத் தளமாகும். செய்தி பரவியதும் தளத்தின் முன்னே மக்கள் திரண்டு எதிர்ப்புத் தெரிவித்தனர். காலிமுகத்திடலில் இளைஞர் எழுப்பிய குரல் இவ்வாறு எமது துறைமுக வாயிலையும் எட்டியது. எனினும் வடக்கு, கிழக்கு இளைஞர் பலர் அவ்வெழுச்சியிலிருந்து ஒதுங்கியே நின்றனர். அதனை அலட்சியம் எனத் தெற்கில் சிலர் கருதினர். நாம் அவ்வாறு கருதவில்லை.

2006 ஜனவரி 2ஆம் திகதி மாலை, திருமலைக் கடற்கரையில் காந்தி சிலையருகே கூடியிருந்த ஐந்து தமிழ் மாணவர்கள் கொல்லப்பட்டனர். ஏறத்தாழ இருபது வயதுப் பிள்ளைகள். கைக்குண்டு வெடித்து இறந்தனர் என்றே முதலில் கூறப்பட்டது. சடலங்களிலிருந்த துப்பாக்கிச் சூட்டுக் காயங்களைப் புகைப்படங்களால் வெளிக்கொணர்ந்த ஊடகவியலாளர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன், அதே மாதம் 24ஆம் திகதி சுட்டுக் கொல்லப்பட்டார். குற்றஞ்சாட்டப்பட்ட விசேட அதிரடிப்படையினர் 13 பேரும், போதிய சாட்சியம் இல்லையென 2019 ஜூலையில் விடுவிக்கப்பட்டனர். அச்சத்தால் நாட்டைவிட்டு வெளியேறியோரிடமிருந்து சாட்சியம் எவ்வாறு கிடைக்கும்?

அதே 2006 ஓகஸ்டில் மூதூரில் பிரெஞ்சுத் தொண்டு நிறுவனமொன்றின் பணியாளர் 17 பேர் படுகொலை செய்யப்பட்டனர். அவர்களுள் பதினாறு பேர் தமிழர், ஒருவர் முஸ்லிம். அப்போது மூண்ட சண்டையில் மூதூர் முஸ்லிம்கள் ஆயிரக்கணக்கில் கந்தளாய்க்கு இடம்பெயர்ந்தனர். பின்னர் 2020இல், கொரோனாவைக் காரணங்காட்டி ஜனாஸாக்கள் பலவந்தமாக எரிக்கப்பட்டபோது முஸ்லிம் இளைஞர் மனதில் பட்ட காயமும் சிறிதன்று.

ஆகவே, 'முறைமை மாற்றம்' என்ற ஒரே சொல் இரு கரைகளிலும் ஒரே பொருளைத் தரவில்லை. கொழும்பில் அது எரிபொருள் வரிசையையும் ஊழலையும் ஒழிப்பதாக இருந்தது. திருமலையில், கடற்கரைக்குச் சென்ற பிள்ளை வீடு திரும்புவதும், திரும்பாவிடின் சட்டம் பதில் சொல்வதுமாக இருந்தது. 2022 மே 18இல் காலிமுகத்திடலிலேயே முள்ளிவாய்க்கால் நினைவேந்தல் நடைபெற்றதை நாம் குறைத்து மதிப்பிடவில்லை; ஆயினும் அது தொடக்கம் மாத்திரமே.

1971இலும் 1987-89இலும் ஆயுதமேந்திக் கிளர்ந்து, ஆயிரக்கணக்கான இளைஞரை இழந்த மக்கள் விடுதலை முன்னணியின் தலைவரே 2024இல் ஜனாதிபதியானார். அவ்வாண்டு நவம்பர் பொதுத்தேர்தலில் திருகோணமலை மாவட்டத்தில் முதலிடம் பெற்றதும் அவரது தேசிய மக்கள் சக்திதான். காணாமலாக்கப்பட்ட தோழருக்காக நீதி கேட்ட அனுபவம் அவர்களுக்கும் உண்டு. ஐந்து மாணவரின் பெற்றோருக்கும் மூதூர்ப் பணியாளரின் குடும்பங்களுக்கும் அவர்கள் அளிக்கும் பதிலையே எமது இளைஞர் எதிர்பார்த்திருக்கின்றனர்.