'ஏ' முத்திரையும் ஒரு சுவரொட்டியும்

ரஜினியின் 'காளி', கமலின் 'குரு' ஆகிய இரண்டும் 1980-இல் வந்தவை. காஹாங் வட்டாரத் தோட்டங்களில் நடுவயதைத் தாண்டியவர்கள் பலருக்கும் இவை நினைவிருக்கும். இரண்டையும் இயக்கியவர் ஐ. வி. சசி என்ற மலையாளி. அவரே 1978-இல் எடுத்த இன்னொரு படத்தின் பெயரை மட்டும் பிள்ளைகள் எதிரில் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. 'அவளுடெ ராவுகள்', அதாவது 'அவளுடைய இரவுகள்'!

பெயரைக் கேட்டதும் முகம் சுளிக்கிறவர்களில் எத்தனை பேர் படத்தைப் பார்த்திருப்பார்கள்? பத்தில் ஒருவர் தேறினால் அதிகம் என்பது என் எண்ணம். மற்றவர்கள் பார்த்தது சுவரொட்டியை.

கதை என்ன? ராஜி என்றொரு பெண். தாய் தகப்பன் இல்லை. கூட இருப்பது ஒரு தம்பி. அவனுக்குச் சோறு போட வேண்டும், பள்ளிக்கூடம் அனுப்ப வேண்டும். அவளிடம் விற்பதற்கு இருந்தது உடம்பு ஒன்றுதான். பகலில் தம்பிக்குத் தாய், இரவில் ஊருக்கு வேசி. அவளை மனதார விரும்பும் ஒருவனும் வருகிறான். அவன் வீட்டார் இப்படிப்பட்ட ஒருத்தியை மருமகளாக ஏற்பார்களா? ஆலப்பி ஷெரீப் எழுதிய கதை இதைத்தான் கேட்கிறது. கூலிக்காரக் குடும்பத்தில் பிறந்து, தம்பி தங்கைகளுக்காகத் தன் வாழ்வைக் கரைத்துக்கொண்ட அக்காமார்களைக் கண்ட நமக்கு ராஜி அப்படியொன்றும் அந்நியமானவள் அல்லள்.

பெரிய நட்சத்திரங்களை வைத்துப் பணத்தைக் கொட்டி எடுத்த படமன்று. ராஜியாக நடித்த சீமா, சென்னையில் வளர்ந்து சினிமா நடனக் குழுவில் ஆடிக்கொண்டிருந்த பெண். சொந்தப் பெயர் சாந்தி. ஆண்பிள்ளைச் சட்டை ஒன்றை மட்டும் அணிந்து, தொடை தெரிய நிற்கும் அவருடைய படத்தைச் சுவரொட்டியாக அடித்து ஒட்டினார்கள். படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. வட இந்தியாவுக்கும் போயிற்று. 1980-இல் சசியே அதை 'பதிதா' என்று இந்தியில் மறுபடி எடுத்தார். தம்பிக்காக அழுத அக்காளைப் பார்க்கப் போனவர்கள் எத்தனை பேர், சட்டையைப் பார்க்கப் போனவர்கள் எத்தனை பேர் என்று கேட்டால் பதில் சொல்வது கடினமில்லை.

இதில் தணிக்கையின் பங்கு என்ன?

இந்தியாவின் 1952-ஆம் ஆண்டுத் திரைப்படச் சட்டம் இரண்டே பெட்டிகளை வைத்திருந்தது. எல்லாரும் பார்க்கலாம் என்றால் 'யு', வயது வந்தவர் மட்டும் என்றால் 'ஏ'. இடைப்பட்ட 'யு/ஏ' 1983-இல்தான் வந்தது. ஆகவே ஒரு வேசியின் துயரத்தைச் சொன்ன படமும், வெறும் சதையைக் காட்டிக் காசு பண்ணிய படமும் ஒரே பெட்டிக்குள் விழுந்தன. வேடிக்கை ஒன்று சொல்கிறேன். தமிழில் முதன்முதல் 'ஏ' வாங்கிய படம் எது தெரியுமா? எம்.ஜி.ஆர். நடித்த 'மர்மயோகி' (1951)! காரணம், அதில் வரும் பேய். பிள்ளைகள் பயந்துவிடுவார்களாம்.

ராஜிக்கு முன்பே இந்த வழக்கு நீதிமன்றம் ஏறியதுண்டு. 'ஆவாரா' படத்துக்குக் கதை எழுதிய கே. ஏ. அப்பாஸ், நான்கு நகரங்களைப் பற்றி ஒரு சிறு செய்திப்படம் எடுத்தார். பம்பாயின் சிவப்பு விளக்குத் தெருவை ஓரிரு கணங்கள் காட்டியதற்காக 'ஏ' கொடுத்தார்கள். அவர் உச்ச நீதிமன்றம் வரை போனார். 1970 செப்டம்பரில் தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா தலைமையில் தீர்ப்பு வந்தது. படத்தை முன்கூட்டித் தணிக்கை செய்வது செல்லும். ஆனால் ஆண் பெண் உறவைக் காட்டுவதெல்லாம் ஆபாசமாகிவிடாது, இரண்டையும் பிரித்துப் பார்க்க வேண்டும் என்றார்கள். நல்ல தீர்ப்புதான். பிரித்துப் பார்க்கும் வேலையைச் சுவரொட்டி அடிப்பவனிடம் யார் சொல்வது?

எச்சரிக்கைக்காகக் குத்திய 'ஏ' முத்திரை, கொட்டகைக்காரனுக்குக் காசில்லாத விளம்பரமாயிற்று. பின்னால் வந்தவர்கள் சசியின் சுவரொட்டியை எடுத்துக்கொண்டு கதையை விட்டுவிட்டார்கள். தணிக்கை முடிந்து வந்த சுருளில், வாரியம் கண்ணால் காணாத துண்டுகளைக் கொட்டகையில் ஒட்டி ஓட்டுவதும் நடந்தது. சட்டப்படி குற்றம்; 'பிட்டு' என்று ஊருக்கே தெரியும். 2000-இல் சொற்பச் செலவில் வந்த 'கின்னாரத்தும்பிகள்' கேரளத்தில் இந்த வியாபாரத்தை உச்சிக்குக் கொண்டு போயிற்று. ஷகிலா நடித்த இவ்வகைப் படங்களில் சில காட்சிகளுக்கு வேறு பெண்களை 'டூப்' போட்டார்கள். சுவரொட்டியில் முகம் ஒருத்தியுடையது, திரையில் உடல் இன்னொருத்தியுடையது. பெயர் கெட்டது ஷகிலாவுக்கு. அந்த இன்னொருத்தியின் பெயரைக் கேட்டவர் யார்?

நம் நாட்டுக் கதை வேறு. இங்கேயும் தணிக்கைச் சட்டம் 1952-இல் வந்ததுதான். 2002-இல் புதிய சட்டம் அதன் இடத்தைப் பிடித்தது. ஆனால் வாரியத்தின் கத்தரி வெட்டுவதோடு நிற்பதில்லை, சில வேளை ஒட்டவும் செய்யும். 2016-இல் 'கபாலி'யை மலேசியாவில் பார்த்தவர்கள் நினைவுபடுத்திப் பாருங்கள். முடிவில் கபாலி போலீசில் சரணடைந்ததாக ஒரு வாசகம் வந்ததே, அது நமக்கு மட்டும்! சென்னையில் பார்த்தவர்களுக்கு அது கிடையாது. நம் தோட்டத்துப் பிள்ளைகள் குண்டர் கும்பலைப் பார்த்துக் கெட்டுவிடக் கூடாது என்ற அக்கறை புரிகிறது. ஆனால் தோட்டம் துண்டாடப்பட்டு வேலையும் வீடும் போன பிள்ளைகள் ஏன் அந்தப் பக்கம் போனார்கள் என்பதற்கு அந்த ஒரு வரியில் இடமில்லை.

சீமாவுக்கு வருவோம். 1980-இல் அவர் சசியை மணந்தார். அந்தச் சட்டைப் படத்தோடு அவர் கதை முடிந்துவிடும் என்று சொன்னவர்கள் ஏமாந்தார்கள். 1984, 1985 என இரண்டாண்டும் கேரள அரசின் சிறந்த நடிகை விருது அவருக்கே. 2017 அக்டோபரில் சசி காலமானார்.