மலையை விஞ்சாத கோபுரம்

மனிதன் படைக்கும் கலை, இறைவன் படைத்த இயற்கையோடு போட்டியிட வேண்டுமா? அல்லது அதனிடம் மாணவனாக அமர வேண்டுமா? ஸ்பெயின் நாட்டின் பார்சலோனா நகரிலுள்ள திருக்குடும்பப் பேராலயம் இவ்வினாவுக்குக் கல்லிலே விடை பகர்கின்றது.

1882-இல் தொடங்கப்பெற்ற இவ்வாலயப் பணியை மறு ஆண்டு ஏற்றவர் அந்தோனி கௌடி என்னும் கட்டடக் கலைஞர். செப்புப் பாத்திரம் செய்யும் கன்னாரின் மகனாகிய இவர், இளமையில் மூட்டுவாத நோயால் வருந்தினார். ஓடியாட இயலாத அச்சிறுவன் செடிகொடிகளையும் உயிரினங்களையும் உற்று நோக்கப் பழகினான். அப்பழக்கமே அவருடைய கலைக்கு வித்தாயிற்று என்பர்.

ஆலயத்தினுள் நுழைவோர் அடர்ந்த கானகத்தில் நிற்பதாகவே உணர்வர். தூண்கள் மரங்களைப்போல் மேலே கிளைவிட்டுக் கூரையைத் தாங்குகின்றன. கூரையின் பாரம் கிளைகளின் வழியே இறங்கி அடித்தூணைச் சேர்கின்றது. கிறிஸ்து பிறப்பு முகப்பிலே இரண்டு தூண்களை இரண்டு ஆமைகள் சுமக்கின்றன. கடற்பக்கம் இருப்பது கடலாமை. மலைப்பக்கம் இருப்பது நிலத்தாமை.

நடுவே எழும் இயேசு கிறிஸ்துவின் கோபுரத்துக்குக் குறிக்கப்பட்ட உயரம் 172.5 மீட்டர். அந்நகரின் மோன்ஜூயிக் மலையைவிட இது சற்றே தாழ்வு. மனிதனின் கைவேலை இறைவனின் கைவேலையை விஞ்சலாகாது என்பதே கௌடியின் கருத்து.

அத்தாழ்மை அவர் வாழ்விலும் விளங்கியது. 1926 ஜூன் 7-ஆம் நாள் டிராம் வண்டி மோதி வீழ்ந்தபோது, எளிய உடையைக் கண்டோர் அவரை ஓர் ஏழையென்றே எண்ணினர். ஜூன் 10-ஆம் நாள் இறந்த அவர், அவ்வாலயத்தின் நிலவறையிலே அடக்கம் செய்யப்பட்டார். 2010-இல் திருத்தந்தை 16-ஆம் பெனடிக்ட் ஆலயத்தை அர்ச்சித்தார். 2025-இல் திருத்தந்தை பிரான்சிஸ், கௌடியை வணக்கத்துக்குரியவராக அறிவிக்க இசைவளித்தார்.

நாம் செய்வது என்ன? முற்றத்து மரத்தைச் சாய்த்துச் சிமெண்டுத் தளம் இடுகிறோம். பீடத்திலே பிளாஸ்டிக் மலர்களை அடுக்குகிறோம். அதனை அழகு என்றும் சொல்லிக்கொள்கிறோம். படைப்பை மறந்த கைகள் படைத்தவரை எங்ஙனம் போற்றும்?

வரும் ஞாயிறு மாலை, நம் பிள்ளைகளை ஒரு மரத்தடியில் அமர்த்தி, ஒரே ஒரு கிளையை வரையச் சொல்வோம். நாமும் உடன் அமர்வோம். வரைவதற்கு முன் உற்று நோக்க வேண்டும். உற்று நோக்கிய மரத்தை வெட்ட நம் கை எளிதில் துணியாது.