பூட்டுக்குறி எதற்குச் சாட்சி?

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒருவர் கைத்தொலைபேசியில் வங்கிக் கணக்கைத் திறந்தால், அவருடைய கடவுச்சொல் யார் யாருடைய கருவிகள் வழியாகவோதான் சேர்வரைச் சென்றடைகிறது. சேர்வர் வெளிநாட்டில் இருந்தால், 2006 இல் கல்கிசையையும் தூத்துக்குடியையும் இணைத்தது போன்ற ஒரு கடலடி வடத்தையும் கடக்கவேண்டும். வழியில் எவரும் ஒட்டுக்கேட்கலாம் என்று எண்ணியே இணையப் பாதுகாப்பு அமைக்கப்பட்டிருக்கிறது. அதற்குச் சேர்வரிடம் இருப்பவை சாவிகள். அவை இரகசியம் காக்க மட்டுமே என்ற எண்ணம் பாதி உண்மைதான். எதிர்முனையில் இருப்பது யார் என்று நிறுவுவதே அவற்றின் பெரிய வேலை. அதில் பிழைத்தால், கடவுச்சொல்லை நாமே திருடனிடம் பத்திரமாகக் கொண்டுபோய்ச் சேர்த்தவர்கள் ஆவோம்.

இரகசியம் காக்கும் பகுதி 1976 இல் டிஃபீ, ஹெல்மன் என்ற இருவர் வெளியிட்ட முறையைத் தழுவியது. தொலைபேசியும் சேர்வரும் ஆளுக்கோர் இரகசிய எண்ணைத் தெரிவுசெய்து, அதிலிருந்து கணித்த வேறோர் எண்ணை மட்டும் வெளிப்படையாகப் பரிமாறுகின்றன. தன் இரகசியத்தோடு வந்த எண்ணைச் சேர்த்துக் கணித்தால் இரு பக்கமும் ஒரே விடை வரும். பரிமாறிய எண்களை மட்டும் பார்த்தவரால் அந்த விடையை நடைமுறையில் எட்ட இயலாது. அதிலிருந்து பிறக்கும் சாவியே மிச்ச உரையாடலை மறைக்கிறது. ஆனால் இடையில் நிற்பவர் சேர்வராகவே நடித்தால்? அதைத் தடுப்பது சேர்வரின் சொந்தச் சாவிச் சோடி. அதில் அந்தரங்கச் சாவி என்பது வெளியே போகக்கூடாத ஓர் எண். பரவலாகப் பயன்படும் 256 பிட் வகையில் ஏறத்தாழ 78 இலக்கங்கள். அதைக்கொண்டு சேர்வர் பரிமாற்றத்தில் ஒப்பமிடுகிறது. சோடியின் மற்றதான, எவரும் அறியக்கூடிய பகிரங்கச் சாவியால் தொலைபேசி அந்த ஒப்பத்தைச் சரிபார்க்கிறது. இந்தப் பகிரங்கச் சாவி இந்த முகவரிக்கு உரியதுதான் என்று உறுதிசொல்லி, தொலைபேசி முன்கூட்டியே நம்பும் ஒரு நிறுவனம் வழங்குவதே சான்றிதழ்.

கணிதம் உறுதியானது, சறுக்கல் பெரும்பாலும் பெயரில்தான் நேர்கிறது. 2011 இல் நெதர்லாந்தின் டிஜிநோட்டார் என்ற சான்றிதழ் நிறுவனத்துக்குள் ஊடுருவியவர்கள் கூகுளின் பெயரில் போலிச் சான்றிதழ் உண்டாக்கினார்கள். அது ஈரானியப் பயனாளர்களை ஒற்றறியப் பயன்பட்டது. எந்தச் சாவியும் உடைக்கப்படவில்லை. நிறுவனம் அதே ஆண்டில் முறிந்துபோனது. நம் நாட்டில் 2021 பெப்ரவரி 6 அன்று .எல்கே முகவரிகள் சில கைப்பற்றப்பட்டு, கூகுளின் இலங்கை முகவரியைத் தேடியவர்கள்கூட வேறொரு பக்கத்துக்குத் திருப்பப்பட்டார்கள். அன்று காட்டப்பட்டவை சமூக, அரசியல் குறைகள்தாம். ஆனாலும் ஆபத்து பெரியது. முகவரியைக் கட்டுப்படுத்துபவருக்கே சான்றிதழ் என்பதே வழங்குவோர் பலரின் அடிப்படை விதி. பெயரைப் பிடித்தவர் முறையான சான்றிதழையே கேட்டுப் பெறலாம்.

அப்படியானால் இத்தகைய இணைப்பைக் காட்ட உலாவியில் முகவரிக்கு அருகே தோன்றும் பூட்டுக்குறியால் பயனே இல்லையா என்று கேட்கலாம். உண்டு, வழியில் வெறுமனே ஒட்டுக்கேட்பதை அது குறிக்கும் மறைப்பு தடுக்கிறது. சேர்வரின் அந்தரங்கச் சாவி பின்னாளில் களவுபோனாலும் முன்பு பதிவுசெய்த உரையாடலைத் திறக்க முடியாதபடி, 2018 இல் வந்த ரி.எல்.எஸ். 1.3 என்ற பாதுகாப்பு நெறிமுறை ஒவ்வொரு இணைப்புக்கும் புதிய எண்களையே பயன்படுத்துகிறது. வழங்கப்படும் சான்றிதழ்கள் பகிரங்கப் பதிவேடுகளில் ஏறுவதால் போலி வெளிப்படவும் வழியுண்டு. ஆனால் மோசடிக்காரரும் தம் முகவரிக்கு இலவசமாகச் சான்றிதழ் எடுக்கலாம். பூட்டைக் கண்டு பலர் தளத்தையே நம்பிவிடுகிறார்கள் என்பதால்தான் 2023 இல் குரோம் உலாவி அந்தக் குறியை மாற்றியது.

ஆகவே பூட்டைப் பார்ப்பதோடு நிற்காமல் முகவரியை எழுத்தெழுத்தாகப் படியுங்கள். பாடசாலைக்கோ கோயிலுக்கோ கடைக்கோ .எல்கே அல்லது .இலங்கை முகவரி வைத்திருப்பவர்கள், அதன் பதிவுக் கணக்குக்கு இரட்டைச் சரிபார்ப்பை இன்றே போட்டுவிடுங்கள். உங்கள் பெயரில் என்னென்ன சான்றிதழ்கள் வழங்கப்பட்டிருக்கின்றன என்று பகிரங்கப் பதிவேட்டில் இடைக்கிடை பாருங்கள்.