தொடக்கநிலையினருக்கான அனிமேயும் மங்காவும்

யப்பானிய வரைகதைகள் மங்கா என்றும், யப்பானிய இயங்குபடங்கள் அனிமே என்றும் அழைக்கப்படுகின்றன. யப்பானில் இவை எல்லா வயதினருக்காகவும் ஆக்கப்படுகின்றன. தமிழ்ச் சூழலில் இயங்குபடங்கள் "பொம்மைப் படம்" எனப்பட்டு, பெரும்பாலும் சிறுவர்க்கு உரியனவாகக் கருதப்பட்டு வந்துள்ளன. எனவே புதிதாகத் தொடங்குவோர், ஓர் ஆக்கத்தின் புகழைக் காட்டிலும் அது யாருக்காக ஆக்கப்பட்டது என்பதை முதலில் அறிதல் நன்று.

வாசகர் வகைப்பாடு

மங்கா இதழ்கள் தம் வாசகரை முன்னிட்டுப் பின்வருமாறு வகைப்படுத்தப்படுகின்றன:

- கொதோமோ - சிறு பிள்ளைகள்
- சோனென் - பதின்ம வயது ஆண்கள்
- சோஜோ - பதின்ம வயதுப் பெண்கள்
- செய்னென் - வளர்ந்த ஆண்கள்
- ஜோசெய் - வளர்ந்த பெண்கள்

இப்பெயர்கள் கதையின் வகையைக் குறிப்பன அல்ல. பிற வாசகரும் இவற்றைப் படிப்பதுண்டு.

தமிழில் ஒலிமாற்றம் செய்யப்பட்ட சின்-சான் இதற்கு நல்ல எடுத்துக்காட்டாகும். நாயகன் ஐந்து வயதுச் சிறுவன் எனினும், யொசித்தோ உசுயி வரைந்த இதன் மூல மங்கா 1990 இல் வளர்ந்தோருக்கான இதழ் ஒன்றிலேயே தொடங்கியது. சிறுவர் நிகழ்ச்சியாக இந்தியாவில் ஒளிபரப்பானபோது பெற்றோரின் எதிர்ப்பு எழுந்தது. 2008 இல் ஒளிபரப்பு நிறுத்தப்பட்டு, தணிக்கைக்குப் பின்னரே மீண்டும் தொடர்ந்தது.

ஒரே நிறுவனத்தின் படங்களும் ஒத்த தன்மையின அல்ல. கிப்லி நிறுவனத்தின் "என் அண்டைவீட்டுத் தொத்தோரோ", "மின்மினிகளின் கல்லறை" ஆகியன 1988 இல் யப்பானில் ஒரே காட்சியில் இணைத்துத் திரையிடப்பட்டன. முன்னது சிறுவரும் பார்க்கத்தக்கது. பின்னது போரில் தாயை இழந்த அண்ணனும் தங்கையும் பட்டினியால் மடிவதைக் காட்டுவது.

நீளமும் வரிசையும்

"ஒன் பீசு" மங்கா 1997 இல் தொடங்கி இன்னும் முடிவுறவில்லை. அதன் அனிமே ஆயிரம் பகுதிகளைக் கடந்துள்ளது. மாறாக, "டெத் நோட்" மங்கா 12 தொகுதிகளிலும் அனிமே 37 பகுதிகளிலும் நிறைவுற்றவை. கொலைகளை மையமாகக் கொண்ட இக்கதை சிறுவர்க்கு ஏற்றதன்று. தனித் திரைப்படங்களும் நிறைவுற்ற குறுந்தொடர்களும் தொடக்கத்திற்கு எளியன.

தமிழில் அனிமே

இந்திய-யப்பானியக் கூட்டுத் தயாரிப்பான "இராமாயணம்: இளவரசர் இராமரின் காவியம்" 1993 இல் உருவானது; 2025 சனவரி 24 அன்று தமிழ் உள்ளிட்ட மொழிகளில் இந்தியத் திரையரங்குகளில் வெளியானது. அறிந்த கதை என்பதால் அனிமேயின் காட்சி முறையைப் பழகிக்கொள்ள இது உதவும். 2025 செப்டம்பர் 12 அன்று தமிழிலும் வெளியான "டீமன் சிலேயர்: இன்ஃபினிட்டி காசில்" தனிக்கதை அன்று. 2019 இல் தொடங்கிய தொலைக்காட்சித் தொடரின் தொடர்ச்சியாதலால், அத்தொடரின் முதற்பருவத்தில் (26 பகுதிகள்) தொடங்குதல் வேண்டும்.

மங்கா படிக்கும் முறை

மங்கா வலமிருந்து இடமாகப் படிக்கப்படுவது. முத்து காமிக்சு, லயன் காமிக்சு போன்ற இடமிருந்து வலமாகச் செல்லும் இதழ்களில் பழகியோர், பக்கத்தின் வலது மேல் மூலையிலுள்ள கட்டத்திலிருந்து தொடங்குதல் வேண்டும். ஒரு கட்டத்திற்குள் இடம்பெறும் உரையாடல்களுக்கும் இவ்வரிசையே பொருந்தும்.